கரும்புத் தீவின் நினைவுகள்

நவம்பர் மாதம் இரண்டாம் நாள் நமக்குக் கல்லறைத் திருநாள். கல்லறைத் தோட்டத்துப் புல்லைச் செதுக்கி, சிலுவைகளுக்குச் சுண்ணாம்பு பூசி, பூமாலையும் மெழுகுவர்த்தியுமாகக் குடும்பத்தோடு கூடுகிறோம். இந்தியப் பெருங்கடலில், மடகாஸ்கருக்குக் கிழக்கே உள்ள மொரீசியஸ் தீவிலும் அன்று கத்தோலிக்கர் தம் முன்னோரின் கல்லறைகளுக்குப் பூக்கொண்டு செல்கின்றனர். அதே நாள் அங்கே அரசு விடுமுறையாகவும் இருக்கிறது. ஆனால் அவ்விடுமுறை இறந்த விசுவாசிகளுக்காக விடப்பட்டதன்று. 1834ஆம் ஆண்டு நவம்பர் 2ஆம் நாள் ‘அட்லஸ்’ என்னும் கப்பல் 36 இந்தியத் தொழிலாளரை ஏற்றிக்கொண்டு அத்தீவின் தலைநகரான போர்ட் லூயிஸை அடைந்தது. ஒப்பந்தக் கூலிகளாய் வந்த இந்தியரின் வருகையை நாடு நினைவுகூரும் நாள் அது.

மூன்று மாதம் கழித்து இன்னொரு விடுமுறை வருகிறது. 1835ஆம் ஆண்டு பிப்ரவரி 1ஆம் நாள் அத்தீவில் அடிமை முறை ஒழிக்கப்பட்டது. ஆப்பிரிக்க அடிமைகளின் வழிவந்தோர் அந்நாளைத் தம் நாளாகக் கொண்டாடுகின்றனர். ஒரே மண்ணில், ஒரே கரும்புப் பயிருக்காக உழைத்து மடிந்த இரு கூட்டத்தாரின் பிள்ளைகள், தத்தம் முன்னோரை வெவ்வேறு நாளில், வெவ்வேறு இடத்தில் நினைவுகூர்கின்றனர். இது இயல்பே. தன் தாயின் கல்லறைக்கு முதலில் பூ வைப்பவனை யாரும் குறை கூறுவதில்லை. ஆயினும் ஒரு கேள்வி எழுகிறது. துன்பத்தின் நினைவு ஒரு சமூகத்தை அடுத்த சமூகத்தோடு சேர்க்குமா, அதனிடமிருந்து பிரிக்குமா?

திருமறையை அறிந்தவர்க்கு இக்கேள்வி புதிதன்று. இஸ்ராயேல் மக்கள் தம் முதற்கனிகளை ஆலயத்திற்குக் கொணரும்போது, தம் மூதாதை நாடோடியாய் அலைந்ததையும், எகிப்தில் தாம் அடிமைகளாய் வதைபட்டதையும் அறிக்கையிட வேண்டும் என்று இணைச்சட்ட நூல் விதிக்கிறது. அந்த அறிக்கையின் பயன் யாது என்பதையும் அந்நூலே காட்டுகிறது. அறுவடையில் அந்நியனுக்கும் அநாதைக்கும் விதவைக்கும் பங்கு விட வேண்டும். ஏனெனில் நீயும் ஒரு நாள் அந்நியனாய் இருந்தாய். தன் துயரை நினைப்பது பிறன் துயருக்குக் கண் திறப்பதற்காகவே. இந்த அளவுகோலை வைத்துக்கொண்டு அந்தச் சிறு தீவின் வரலாற்றைச் சற்றே பார்ப்போம்.

ஆளில்லாத் தீவில் ஆள் சேர்ந்த விதம்

மொரீசியஸுக்கு ஆதிக்குடிகள் இல்லை. டச்சுக்காரர் 1598இல் இறங்கியபோது அங்கே மனிதர் எவரும் வாழவில்லை. தம் இளவரசர் மோரிஸின் பெயரைத் தீவுக்கு இட்டவர் அவர்களே. பறக்க இயலாத டோடோ என்னும் பறவையினம் அவர்கள் காலத்திலேயே அழிந்தது. 1710இல் அவர்கள் தீவைக் கைவிட்டுப் போக, 1715இல் பிரெஞ்சுக்காரர் அதைக் கைப்பற்றினர். 1810இல் ஆங்கிலேயர் அதைப் பிரெஞ்சுக்காரரிடமிருந்து பறித்தனர். எனவே இன்று அத்தீவில் வாழும் ஒவ்வொருவரும் கடல் கடந்து வந்தவரின் பிள்ளையே. வந்தவர் அனைவரும் விரும்பி வந்தவர் அல்லர் என்பதே அதன் வரலாற்றின் சோகம்.

பிரெஞ்சுக்காரர் மடகாஸ்கரிலிருந்தும், மொசாம்பிக் முதலிய கிழக்கு ஆப்பிரிக்கக் கரைகளிலிருந்தும் அடிமைகளைக் கொணர்ந்தனர். 1735இல் ஆளுநராய் வந்த மாஹே தெ லா பூர்தொனே போர்ட் லூயிஸ் துறைமுகத்தைக் கட்டியெழுப்பினார். அதற்குத் தேவையான கொத்தரும் தச்சரும் பிற கைவினைஞரும் புதுச்சேரியிலிருந்து சென்றனர். நம் மக்களைப் பிரெஞ்சுக்காரர் ‘மலபார்’ என்றே அழைத்தனர். போர்ட் லூயிஸின் கிழக்குப் புறநகருக்கு ‘மலபார் முகாம்’ என்னும் பெயர் வழங்கியது. சோழமண்டலக் கரையிலிருந்து அடிமைகளாய் விற்கப்பட்டுச் சென்றவர்களும் உண்டு. பின்னர் ஆங்கிலேயர் காலத்தில் சென்னைத் துறைமுகம் வழியாக ஒப்பந்தக் கூலிகள் சென்றனர். ஆக, அடிமை, கைவினைஞர், கூலி என மூன்று நிலைகளிலும் தமிழர் அத்தீவில் கால் வைத்தனர். அடிமைகளின் வரலாறு ஆப்பிரிக்கருடையது, கூலிகளின் வரலாறே நம்முடையது என்று எளிதாகப் பிரித்துவிட முடியாது என்பதற்கு இதுவே போதும்.

1835இல் அடிமை முறை ஒழிந்தபோது ஏறத்தாழ 66,000 பேர் விடுதலை பெற்றனர். அவர்களை இழந்ததற்காக ஆங்கில அரசு உடைமையாளருக்கு இருபது இலட்சம் பவுனுக்கும் மேல் இழப்பீடு வழங்கியது. விடுதலை பெற்றவர்க்கோ ஒரு பைசாவும் இல்லை, ஒரு துண்டு நிலமும் இல்லை. ‘தொழில் பயில்வோர்’ என்னும் பெயரில் 1839 வரை அதே முதலாளிகளிடம் அவர்கள் கட்டாயமாக உழைக்க வேண்டியதாயிற்று. அக்கட்டாயம் நீங்கியதும் பெரும்பாலோர் தோட்டங்களை விட்டு அகன்று கடற்கரைகளிலும் நகர்ப்புறங்களிலும் குடிசை போட்டு மீன்பிடித்தும் கைத்தொழில் செய்தும் வாழ்ந்தனர். அவர்கள் விட்டுச்சென்ற வயல்களை நிரப்பவே இந்தியர் வரவழைக்கப்பட்டனர். அடுத்த முக்கால் நூற்றாண்டில் போர்ட் லூயிஸ் கரையில் இறங்கிய இந்தியக் கூலிகள் ஏறத்தாழ ஐந்து இலட்சம் பேர். பெரும்பாலோர் கல்கத்தா வழியாகச் சென்ற போஜ்புரி மொழியினர். மற்றவர் சென்னை, பம்பாய் வழியாகச் சென்றவர். அவர்களுள் ஒரு பகுதியினர் அங்கிருந்து வேறு தீவுகளுக்கும் அனுப்பப்பட்டனர்.

ஐந்து ரூபாய்க் கணக்கு

கூலி ஒப்பந்தம் ஐந்து ஆண்டுகளுக்கு. ஆண் தொழிலாளிக்கு மாதம் ஐந்து ரூபாயும், அரிசி, பருப்பு முதலிய படியும். கேட்க நன்றாகவே இருந்தது. தோட்டத்தில் கணக்கு வேறு விதமாக ஓடியது. நோயுற்றோ வேறு காரணத்தாலோ ஒரு நாள் வேலைக்கு வராவிட்டால் இரண்டு நாள் கூலி பிடிக்கப்பட்டது. இதனை ‘இரட்டைப் பிடித்தம்’ என்றனர். மாதத்தில் சில நாள் காய்ச்சலில் படுத்தவன் மாத முடிவில் பெற்றது சொற்பமே.

ஒப்பந்தம் முடிந்து வெளியே வந்தவனும் சுதந்திர மனிதன் அல்லன். 1867ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, பழைய குடியேறியவன் தன் உருவப்படம் ஒட்டிய அனுமதிச் சீட்டின்றி வெளியே நடமாடினால் ‘நாடோடி’ என்று பிடிக்கப்பட்டுச் சிறைப்படுவான். இக்கொடுமையை எதிர்த்து 1871இல் 9,401 கூலிகள் கையொப்பமும் அடையாளமும் இட்ட மனு ஒன்று ஆளுநரிடம் அளிக்கப்பட்டது. அதை வரைய முன்னின்றவர் அடோல்ஃப் தெ பிளேவிட்ஸ் என்னும் ஐரோப்பியத் தோட்டக்காரர். தன் இனத்தார் அவரைத் துரோகி என்று தூற்றினர். வீதியில் தாக்கவும் செய்தனர். ஆயினும் அம்மனுவின் விளைவாக ஆங்கில அரசு 1872இல் விசாரணைக் குழு ஒன்றை அனுப்பியது. 1875இல் வெளிவந்த அதன் அறிக்கை கூலிகளின் குறைகளுள் பலவற்றை உண்மையென ஏற்றுக்கொண்டது.

ஏழைகளிடம் சென்ற மருத்துவர்

இக்கதையில் திருச்சபை எங்கே நின்றது? நேர்மையாகச் சொன்னால், நெடுங்காலம் அது முதலாளிகளின் பக்கத்திலேயே அமர்ந்திருந்தது. அடிமைகளுக்குத் திருமுழுக்கு அளிக்கச் சட்டம் இருந்தது. ஆனால் அவர்களை உடன்பிறப்புகளாக ஏற்கும் மனம் இல்லை. ஆலயத்தின் முன்வரிசைகள் வெள்ளையருக்கு உரியவை. கறுப்பின மக்கள் வந்தால் ஓரத்தில் நிற்க வேண்டும்.

1841ஆம் ஆண்டு செப்டம்பர் 14ஆம் நாள், திருச்சிலுவை மகிமைத் திருநாளன்று, ழாக் தெசிரே லவால் என்னும் பிரெஞ்சுக் குரு போர்ட் லூயிஸில் வந்திறங்கினார். நார்மண்டியில் 1803இல் பிறந்தவர், மருத்துவம் பயின்று சில ஆண்டுகள் மருத்துவராய்ப் பணிபுரிந்தவர், 1838இல் குருவானவர். விடுதலை பெற்ற அடிமைகளுக்கென்றே அவர் அனுப்பப்பட்டார். முதலில் அவர்களுடைய கிரியோல் மொழியைக் கற்றார். படித்தவர் அதனை மொழி என்றே கருதாத காலம் அது. அம்மொழியிலேயே எளிய மறைக்கல்வியை எழுதினார். பேராலயத்தில் பெரிய மனிதரின் திருப்பலி முடிந்தபின், அவர்களுக்கென்று ஞாயிறு நண்பகலில் தனித் திருப்பலி வைத்தார். வெள்ளைக்காரச் செல்வர் அவரை ஏளனம் செய்தனர். அவர் பொருட்படுத்தவில்லை.

அவர் செய்தவற்றுள் நாம் குறிப்பாக எண்ண வேண்டியது ஒன்றுண்டு. விடுதலை பெற்ற ஆண்களையும் பெண்களையுமே உபதேசியார்களாக்கித் தீவெங்கும் அனுப்பினார். நேற்றுவரை பிறர் கட்டளைக்கு அஞ்சி நின்றவர்கள், இன்று நோயாளியைச் சந்திக்கவும், சண்டையைத் தீர்க்கவும், செபத்தை நடத்தவும் பொறுப்பேற்றனர். அடிமைத்தனம் பறித்திருந்த தன்மதிப்பை மீட்டுத் தந்த பணி அது. 23 ஆண்டுகள் தீவை விட்டு அகலாமல் உழைத்து, 1864 செப்டம்பர் 9ஆம் நாள் அவர் இறந்தார். ‘திருச்சிலுவை’ என்று பொருள்படும் சேந்த் குருவா ஆலயத்தருகே அடக்கம் செய்யப்பட்டார். 1979 ஏப்ரல் 29ஆம் நாள் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் அவரை முத்திப்பேறு பெற்றவர் வரிசையில் சேர்த்தார். அத்திருத்தந்தை அவ்வாறு முதன்முதலில் உயர்த்தியவர்களுள் ஒருவர் அவர்.

ஆலயத்தில் முன்வரிசை, பின்வரிசை என்று நின்ற கதையை அயல்நாட்டுக் கதையாக மட்டும் நாம் வாசித்துவிடக் கூடாது. தமிழகத்தில் சாதிக்கொரு பகுதியாகச் சுவர் எழுப்பிப் பிரித்த கல்லறைத் தோட்டங்கள் நம் திருச்சபையிலேயே இருந்துள்ளன. கப்பலேறிய நம் மக்களும் சாதியைத் தம் மூட்டையில் சுமந்தே சென்றனர். சென்னைக் கப்பல் பதிவேடுகளில் பெயருக்கு அருகே சாதியும் எழுதப்பட்டிருக்கிறது.

பதிவேடும் மலையும்

அப்பதிவேடுகள் இன்றும் இருக்கின்றன. மொரீசியஸின் மகாத்மா காந்தி நிறுவனத்தில் அவை பாதுகாக்கப்படுகின்றன. கூலியின் எண், பெயர், தந்தை பெயர், வயது, ஊர், உடலில் உள்ள தழும்பு வரை எழுதிவைத்தனர். 1860களிலிருந்து உருவப்படமும் எடுத்தனர். கண்காணிப்பதற்காகச் செய்த வேலை அது, அன்பினால் செய்ததன்று. ஆனால் இன்று ஒரு தமிழ்க் குடும்பத்தார் அங்கே சென்று தம் கொள்ளுப் பாட்டனின் முகத்தைப் பார்க்கலாம். இன்ன மாவட்டம், இன்ன ஊர் என்று அறிந்து, நம் நாட்டுக்கு வந்து அவ்வூர் மண்ணைத் தொட்டுச் செல்பவர்களும் உண்டு. பெயர்கள் மட்டும் எழுத்தரின் காதுக்கு எட்டியபடி உருமாறின. குப்பன் ‘கூப்பென்’ ஆனார். முனியன் ‘முனியேன்’ ஆனார். சின்னத்தம்பி ‘சினத்தம்பூ’ ஆனார். தந்தையின் பெயர் வழிவழியாய்க் குடும்பப் பெயராக உறைந்துவிட்டது. இருந்தும், அந்த உருமாறிய பெயரைச் சற்றே சுரண்டினால் உள்ளே தமிழ் தெரிகிறது.

அடிமையின் பேரனுக்கு இந்த வாய்ப்பு இல்லை. அவன் முன்னோருக்கு ஆண்டான் இட்டதே பெயர். கிழமையின் பெயர், மாதத்தின் பெயர், கிரேக்கப் புராணப் பெயர், சில வேளைகளில் கேலிப் பெயர். சொத்துக் கணக்கில் மாட்டுக்கும் வண்டிக்கும் அருகே அவன் எழுதப்பட்டான். அவன் எந்த ஊரில் பிறந்தான், அவன் தாய் யார், எந்த மொழியில் அவள் அவனைத் தாலாட்டினாள் என்பவை பெரும்பாலும் எழுதப்படவில்லை. திரும்பிச் சென்று தொட அவனுக்கு ஊர் மண் இல்லை.

அவனுக்கு இருப்பது ஒரு மலை. தீவின் தென்மேற்கு மூலையில் கடலை ஒட்டிச் செங்குத்தாய் நிற்கும் லெ மோர்ன் மலையில் தப்பியோடிய அடிமைகள் ஒளிந்து வாழ்ந்தனர். விடுதலைச் செய்தியை அறிவிக்க வந்த காவலரைக் கண்டு, மீண்டும் பிடிக்க வருகின்றனர் என்று அஞ்சி, அவர்கள் உச்சியிலிருந்து குதித்து மாண்டனர் என்பது செவிவழிச் செய்தி. சான்றுகொண்டு நிறுவ முடியாத செய்திதான். ஆனால் ஏடுகளில் இடம் மறுக்கப்பட்ட மக்கள் தம் வரலாற்றை ஒரு மலையில் எழுதி வைத்திருப்பதைச் சான்றில்லை என்று தள்ளிவிடலாகாது. கூலிகள் இறங்கிய துறைக் கட்டடத்தின் எஞ்சிய பகுதியான ‘ஆப்பிரவாசி காட்’ 2006இலும், லெ மோர்ன் மலை 2008இலும் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களாயின. தீவில் அப்பட்டியலில் இடம்பெற்றவை இவ்விரண்டே. ஒன்று கூலிக்கு, மற்றொன்று அடிமைக்கு.

இந்தச் சமமின்மையே நாம் உற்றுநோக்க வேண்டியது. இரு கூட்டத்தாரும் துன்புற்றனர். ஆனால் நினைவின் செல்வம் இருவருக்கும் ஒரே அளவில் கிட்டவில்லை. கூலியின் பிள்ளைக்குக் கோயிலும் மொழியும் ஊர்ப் பெயரும் ஓரளவு மிஞ்சின. அடிமையின் பிள்ளை அனைத்தையும் இழந்து, பிறர் மொழியின் சிதறல்களிலிருந்து கிரியோல் என்னும் புதிய மொழியையும், ராவான் என்னும் தோற்கருவியை முழக்கிப் பாடும் ‘செகா’ என்னும் புதிய இசையையும் படைத்தான். அம்மொழியே இன்று தீவினர் அனைவரின் பேச்சுமொழி. அதில் நம் சொற்களும் கலந்துள்ளன. முருங்கைக் கீரையை அவர்கள் ‘பிரெத் முரும்’ என்கின்றனர். கறிவேப்பிலை ‘கரிபுலே’ ஆகிவிட்டது. ரசம் ‘ரசோன்’ என்று வழங்குகிறது. ஆப்பிரிக்கத் தாய் ஒருத்தி தன் பிள்ளைக்கு முருங்கைக் கீரை சமைத்து ஊட்டும்போது, தமிழ்ச்சொல் என்று அறியாமலே அவள் தமிழ்ச்சொல்லைச் சொல்கிறாள்.

பெல் வூ ஆரெலில் நால்வர்

ஏழைகள் தம்மைத் தொழிலாளராய் உணர்ந்து ஒன்றுசேர்ந்த காலமும் இருந்தது. 1936ஆம் ஆண்டு பிப்ரவரியில் மோரிஸ் கூரே என்னும் கிரியோல் மருத்துவர் தொழிற்கட்சியைத் தொடங்கினார். கப்பல் தொழிலாளியாய் உலகைக் கண்டு திரும்பிய எம்மானுவேல் ஆங்க்தீல் என்னும் கிரியோல் தலைவர் தோட்டந்தோறும் சென்று இந்தியக் கூலிகளைத் திரட்டினார். 1937இல் கரும்பு விலைக் குறைப்பை எதிர்த்துக் கிளர்ச்சி வெடித்தது; துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. 1938இல் போர்ட் லூயிஸ் துறைமுகத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது அரசு ஆங்க்தீலை ரொட்ரீக்ஸ் தீவுக்கு நாடு கடத்தியது. கரும்பு வெட்டியவன் பெரும்பாலும் இந்தியன். அது சர்க்கரையாகிக் கப்பலேறும்போது மூட்டை சுமந்தவன் பெரும்பாலும் கிரியோல். ஒருவன் கையிலிருந்து மற்றவன் தோளுக்கு மாறிய அதே சுமைதான். அவ்வுண்மையை அத்தலைவர்கள் கண்டனர்.

1943ஆம் ஆண்டு. உலகப்போரால் பர்மாவின் அரிசி நின்று, தீவில் பஞ்சம். வடக்குப் பகுதித் தோட்டங்களில் கூலி உயர்வுக்காக வேலைநிறுத்தம். செப்டம்பர் 27ஆம் நாள் பெல் வூ ஆரெல் என்னுமிடத்தில் காவலர் சுட்டதில் நால்வர் உயிரிழந்தனர். அஞ்சலை குப்பன் என்னும் கருவுற்ற பெண் ஒருவர், சிறுவன் ஒருவன், இன்னும் இருவர். நால்வரின் பெயர்களும் தமிழ்ப் பெயர்களே. அங்குள்ள விளையாட்டரங்கம் இன்று அஞ்சலையின் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஞாயிறு மாலையில் பந்தாட்டம் காண அங்கே கூடுவோருள் எல்லா இனத்தாரும் உண்டு. அவர்கள் தம் நாவால் அவ்வேழைத் தமிழ்ப்பெண்ணின் பெயரைச் சொல்கின்றனர். கூலிக்காக உயிர்நீத்தவளைத் தமிழர் தமக்கு மட்டும் உரியவளாய் வைத்துக்கொள்ளாததால்தான் அவள் நாட்டுக்கே உரியவள் ஆனாள்.

வேலிகள்

1968 மார்ச் 12ஆம் நாள் தீவு விடுதலை பெற்றது. அதற்கு இரண்டு மாதங்களுக்கு முன்புதான், போர்ட் லூயிஸின் ஏழைக் குடியிருப்புகளில் கிரியோல் மக்களுக்கும் இஸ்லாமியருக்கும் இடையே பெருங்கலவரம் மூண்டது. ஆங்கிலப் படை வந்து அடக்க வேண்டியதாயிற்று. அடுத்தடுத்த வீட்டில் தலைமுறைகளாய் வாழ்ந்தவர்கள் வீடுகளைக் கைவிட்டனர். இஸ்லாமியர் பிளேன் வெர்த் பக்கமும், கிரியோல் மக்கள் ரோஷ் புவா பக்கமும் தஞ்சம் புகுந்தனர். ஒரே நகரத்துத் தொழிலாளர் இரு முகாம்களாயினர்.

புதிய நாட்டின் அரசமைப்புச் சட்டமும் மக்களை நான்கு சமூகங்களாய்ப் பகுத்தது: இந்து, இஸ்லாமியர், சீன மொரீசியர், இம்மூன்றிலும் அடங்காத ‘பொது மக்கள்’. மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ‘தமிழ்’ என்பது ஒரு சமயத்தின் பெயராகவே இடம்பெறுகிறது. அப்படியானால் தமிழ்ப் பெயர் தாங்கிய கத்தோலிக்கன் யார்? அத்தகைய குடும்பங்கள் அங்கே உண்டு. கோயிலுக்குச் செல்லும் தமிழருக்கு அவர்கள் அயலார். ‘பொது மக்கள்’ என்னும் கூட்டத்திலோ அவர்கள் பெயரே அவர்களை வேறாய்க் காட்டும். எந்தக் கட்டத்திலும் முழுமையாய்ப் பொருந்தாதவர்கள். கட்டங்கள்தாம் தவறு, மனிதர் அல்லர் என்பதற்கு அவர்களே வாழும் சான்று.

1998இல் அந்நாட்டு மைய வங்கி வெளியிட்ட புதிய பணத்தாள்களில் தமிழ் எழுத்து, தான் நெடுங்காலமாய் இருந்த இடத்திலிருந்து இந்திக்குக் கீழே இறக்கப்பட்டது. தமிழர் வெகுண்டெழுந்தனர். அத்தாள்கள் திரும்பப் பெறப்பட்டு, வரிசை சரிசெய்யப்பட்டுப் புதிய தாள்கள் வெளிவந்தன. சிறுபான்மையோர் தம் மொழியின் மாண்பைக் காத்த செயல் அது; பாராட்டத்தக்கதே.

அதே காலத்தில், 1999 பிப்ரவரி 21ஆம் நாள், ரோஷ் புவாவைச் சேர்ந்த காயா என்னும் கிரியோல் பாடகர் காவலில் இருந்தபோது சிறை அறையில் இறந்து கிடந்தார். தீவு பற்றி எரிந்தது. ரோஷ் புவா துறைமுகத் தொழிலாளரின் ஊர். 1980இல் சர்க்கரையை மூட்டையின்றி மொத்தமாய் ஏற்றும் இயந்திர நிலையம் வந்ததும் அவர்கள் தோள்களுக்கு வேலையற்றுப் போயிற்று. நாடு வளர்ந்தது, அவ்வூர் பின்தங்கியது. இக்குமுறலை ஆறாண்டுகளுக்கு முன்பே, 1993இல், ரோஜே செர்வோ என்னும் கிரியோல் குரு வெளிப்படையாய் எடுத்துரைத்திருந்தார். நாட்டில் மட்டுமின்றித் திருச்சபைக்குள்ளும் தம் மக்கள் ஒதுக்கப்படுவதாக அவர் சொன்னபோது பலருக்கு அது கசந்தது.

பணத்தாளில் ஓர் எழுத்து ஒரு வரி கீழிறங்கியதன் வலியை அறிந்த மனம், ஒரு மக்கள் கூட்டமே கீழிறக்கப்பட்டதன் வலியை உணர முடியாதா? உணர முடியும், உணர வேண்டும். ஒரு சமூகம் தன் காயத்தின் நினைவைக் காப்பதற்கான காரணமே அதுதான்.

சேர்த்து வைத்தவை

வேலிகளையே பேசிக்கொண்டிருந்தால் அத்தீவுக்கு நீதி செய்தவர் ஆகோம். ஏழைகளின் அன்றாட வாழ்வு வேலிகளைத் தாண்டியே ஓடியது. தோட்டந்தோறும், சிற்றூர்தோறும் சீனர் ஒருவரின் மளிகைக்கடை இருந்தது. வெட்டுக் காலம் வந்து கையில் காசு புரளும்வரை, அரிசியும் எண்ணெயும் உப்புக் கருவாடும் கடனுக்குக் கிடைத்தன. கடைக்காரரின் சிறு நோட்டில் இந்தியனின் கடனும் கிரியோலின் கடனும் அடுத்தடுத்த பக்கங்களில் இருந்தன. பசிக்கு இனமில்லை என்பதை அந்த நோட்டு அறிந்திருந்தது. 1960 பிப்ரவரியில் ‘கரோல்’ புயல் தீவை நொறுக்கியபோது, ஓலைக் குடிசைகளும் தகரக் குடிசைகளும் ஒன்றாகவே பறந்தன. வீடிழந்தோருக்கென அரசு கட்டிய குடியிருப்புகளில் பல இனத்து ஏழைகள் சுவருக்குச் சுவர் வாழக் கற்றனர். தைப்பூசக் காவடிக்குத் தமிழர் இலையிட்டுப் பரிமாறும் ஏழு கறி விருந்தில் அண்டைவீட்டாருக்கும் இலை உண்டு.

எல்லாவற்றிலும் மேலானது லவால் அடிகளாரின் கல்லறை. ஆண்டுதோறும் செப்டம்பர் 8ஆம் நாள் இரவு, தீவின் நாற்புறத்திலிருந்தும் மக்கள் சேந்த் குருவா நோக்கி நடக்கின்றனர். அவர்களுள் இந்துக்கள் உண்டு, இஸ்லாமியர் உண்டு, சீனர் உண்டு. கல்லறைமீது கை வைத்து, நோயாளிப் பிள்ளைக்காகவும் வேலையற்ற மகனுக்காகவும் மன்றாடுகின்றனர். உயிரோடு இருந்தபோது கறுப்பின ஏழைகளுக்காகத் தம்மைக் கரைத்தவர், இறந்தபின் அனைவருக்கும் உரியவரானார். 2019 செப்டம்பர் 9ஆம் நாள், அவருடைய திருநாளன்றே, திருத்தந்தை பிரான்சிஸ் அத்தீவுக்கு வந்து அக்கல்லறையில் செபித்தார்.

1999இன் கலவர நாள்களில் நிகழ்ந்த ஒன்றையும் சொல்லியாக வேண்டும். இஸ்லாமியரான குடியரசுத் தலைவர் காசிம் உத்தீமும், கத்தோலிக்கரான கர்தினால் ழான் மார்ஜேயோவும் இணைந்து தீவெங்கும் சென்று மக்களை அமைதிக்கு அழைத்தனர். 1968இல் மக்கள் ஒருவரையொருவர் வெட்டியதைக் கண்ட தலைமுறையினர் அவ்விருவரும். பழைய நினைவு அவர்களைப் பிரித்திருக்கலாம். மாறாக அதுவே அவர்களைச் சேர்த்து நடக்க வைத்தது.

2009இல் மொரீசியஸ் அரசு உண்மை மற்றும் நீதி ஆணையம் ஒன்றை அமைத்தது. அடிமை முறையின் விளைவுகளையும் ஒப்பந்தக் கூலி முறையின் விளைவுகளையும் ஒரே ஆணையம், ஒரே மேசைமீது வைத்து ஆராய்ந்து 2011இல் அறிக்கை தந்தது. 2023இல் போர்ட் லூயிஸின் பழைய இராணுவ மருத்துவமனைக் கட்டடத்தில் அடிமை முறை பற்றிய அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. கூலிகள் ஏறிய கற்படிகள் அதற்கு வெகு அருகிலேயே உள்ளன. ஒன்றைக் காணச் செல்பவர் அடுத்ததையும் கண்டே திரும்பலாம். நடந்தால் சில நிமிடத் தொலைவு. மனத்தளவில் அத்தொலைவைக் கடக்க ஏறத்தாழ இரண்டு நூற்றாண்டுகள் பிடித்தன.

நம் ஏடுகள்

இவற்றை எழுதும்போது ஒரு பங்குத்தந்தை என்னும் முறையில் எனக்குத் தோன்றுவதைச் சொல்லி முடிக்கிறேன். கூலிகளின் முகத்தை அரசாங்கத்தின் பதிவேடு காத்தது போல, நம் ஏழைகளின் பெயரைக் காத்துவருவது பங்கு ஆலயத்தின் பழைய ஏடுகளே. திருமுழுக்கு, திருமணம், அடக்கம் என்னும் மூன்று ஏடுகள். வேறெந்த ஆவணத்திலும் இடம்பெறாத ஒரு கூலிக்காரியின் பெயர், அவள் பிள்ளைக்குத் திருமுழுக்குக் கொடுத்த நாளில் அங்கே எழுதப்பட்டிருக்கும். அவற்றைச் செல்லரிக்க விடுவது இறந்தோருக்குச் செய்யும் அநீதி.

ஏட்டில் இல்லாதவை முதியோரின் நெஞ்சில் உள்ளன. எந்தக் கப்பலில் யார் போனார், யார் திரும்பவில்லை, எந்தப் பஞ்சத்தில் எந்தத் தெரு காலியாயிற்று, யார் யாரை எந்த ஆலயத்தின் எந்த வாசலுக்கு வெளியே நிறுத்தினர்? நம் இளைஞர் இயக்கங்களும் அன்பியங்களும் முதியோரிடம் அமர்ந்து இவற்றைக் கேட்டு எழுதலாம். எழுதும்போது ஒரு நெறியைக் கைக்கொள்ள வேண்டும். நாம் பட்ட துன்பத்தை ஒரு பக்கத்தில் எழுதினால், நம் அருகில் வாழ்ந்தவர் பட்டதையும், நம்மால் பட்டதையும் அடுத்த பக்கத்தில் எழுதுவோம். நம் தெருவில் மட்டுமன்றி அடுத்த தெருவிலும் போய்க் கேட்போம். பெருமையை மட்டும் எழுதி வைத்தால் நம் பிள்ளைகள் அதனை விரைவில் மறந்துபோவர். உண்மையை எழுதி வைத்தால், அஞ்சலையின் பெயரைப் பல இனத்தார் சொல்வது போல, என்றோ ஒரு நாள் அடுத்த தெருக்காரரின் பிள்ளையும் நம் பாட்டியின் பெயரைச் சொல்லக் கூடும்.